அடுத்த போட் நல்லாயிருக்கும், அண்ணை

அண்ணை,

மடியில் ரோல்ஸ் பெட்டி சூடாக இருக்கிறது. மூடியைச் சரியாக அமத்தவில்லை போல. மிளகும் பொரித்த எண்ணெயும் சேர்ந்த அந்த மணம் கோப்பன்ஹேகனின் நூஹவ்ன் கரையில் படகுகளின் டீசல் புகையோடு சண்டை பிடித்துக்கொண்டு நிற்கிறது. முந்தியென்றால் இந்த நேரத்துக்கு நீங்கள் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, "தம்பி, ஒண்டு குறைஞ்சால் ஆரும் எண்ண மாட்டினம்" என்று கையை நீட்டியிருப்பீர்கள். பிறகு, ஒற்றைப்படையாக நிற்கிறது, அது சரியில்லை என்று இன்னொன்று.

இடப்பக்கம் இரண்டு முதுகுப்பைகள். வலப்பக்கம் மழைச்சட்டைகள் திணித்த பை. காலுக்கு நடுவில் தேத்தண்ணிப் போத்தல். என் மனிசியின் ஒன்றுவிட்ட தங்கை கனடாவிலிருந்து குடும்பத்தோடு வந்திருக்கிறாள். ஐந்து பேரையும் இப்போதுதான் படகில் ஏற்றி அனுப்பினேன். "அத்தான், நீங்களும் வாங்கோவன்" என்று கையைப் பிடித்து இழுத்தாள். நான் என்ன சொல்லியிருப்பேன் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

"இல்லையம்மா, நாங்கள் பாத்தனாங்கள். நீங்கள் போயிட்டு வாங்கோ. பைகளை நான் பாக்கிறன்."

படகு திரும்பி வர ஒரு மணித்தியாலம் இருக்கிறது. பக்கத்தில் ஆளில்லை. பையைக் கிளறியபோது பழைய கொப்பி ஒன்று அகப்பட்டது. அதன் பின்பக்கத்தில்தான் இதை எழுதுகிறேன். முன்பக்கத்தில் என்ன இருக்கிறது என்று உங்களுக்குத் தெரியும். இருந்தாலும் சொல்லத்தான் போகிறேன். சொல்லாமல் ஒன்பது மாதம் வைத்திருந்தது போதும்.

'பாத்தனாங்கள்' என்ற இந்தப் பொய் எப்போது தொடங்கியது என்று யோசித்துப் பார்த்தேன். லண்டனிலிருந்து உங்கள் மச்சான் குடும்பம் வந்த கோடையில்தான். குழந்தை வண்டில் ஒன்று, சோற்றுப் பார்சல் பை ஒன்று. இரண்டையும் படகில் ஏற்ற முடியாது என்று படகுக்காரன் சொல்லிவிட்டான். யாராவது கரையில் நிற்க வேண்டும். நீங்களும் நானும் ஒரே நேரத்தில் ஒரே வசனத்தைச் சொன்னோம்: "நாங்கள் பாத்தனாங்கள்." சொல்லிவிட்டு ஒருவரை ஒருவர் பார்த்தோம். டென்மார்க்குக்கு வந்து பத்து வருசம் ஆகியும் நாங்கள் இருவரும் அந்தப் படகின் கயிற்றைக்கூடத் தொட்டதில்லை.

அதற்குப் பிறகு அது வழக்கமாகிவிட்டது. ஜெர்மனி ஆட்கள், பிரான்ஸ் ஆட்கள், ஓல்போர்க்கிலிருந்து உங்கள் மகளின் புகுந்த வீட்டார், ஊரிலிருந்து விசா எடுத்து வந்த மாமா மாமி, எல்லாரையும் நாங்கள் குடியிருக்கிற அல்பர்ட்ஸ்லுண்டிலிருந்து ரயிலில் கூட்டிவந்து, வரிசையில் நிறுத்தி, ஏற்றிவிட்டு, நாங்கள் இந்தத் தடித்த மரக்கட்டையில் பைகளுக்குக் காவலாக உட்காருவோம். விருந்துக்கு வந்தவர்களோடு நாமும் ஏறிக் காலை நீட்டிக்கொண்டு போவது ஒரு மாதிரிக் கூச்சம். இங்கே இருக்கிறவன் இதையெல்லாம் பார்த்து அலுத்தவனாகத் தெரிய வேண்டும். அதுதான் எங்கள் கெட்டித்தனம்.

உட்கார்ந்து என்ன செய்தோம்? திரும்பி வருகிறவர்களின் முகத்தைப் பார்த்து மார்க் போட்டோம். சிரித்துக்கொண்டு இறங்கினால் நல்ல படகு. குளிரில் மூக்கு சிவந்து இறங்கினால் கூடாத படகு. இப்படிக் கரையில் இருந்தபடியே எல்லாப் படகையும் படித்து முடித்தேன். எங்கள் ஆட்களுக்குள் எனக்குப் பெயரே வந்துவிட்டது. கோப்பன்ஹேகனில் எந்தப் படகு நல்லது என்று கேட்க வேண்டுமா, என்னைக் கேள். சுவிஸிலிருந்துகூட அழைத்துக் கேட்டார்கள். நானும் தொண்டையைச் செருமிக்கொண்டு, "காத்து இல்லாட்டித் திறந்த போட், இருந்தால் கண்ணாடி போட்டது, இடப்பக்கம் இருங்கோ" என்று விளாசினேன். வாசிப்புக் கண்ணாடியைத் தலையில் ஏற்றிவிட்டுத்தான் பேசுவேன். அப்படிச் செய்தால் படித்தவன் போல இருக்கும் என்று எனக்கு ஒரு எண்ணம்.

ஊரில் ஓ/எல் சோதினை இரண்டு தரம் எடுத்து இரண்டு தரமும் புவியியலில் கோட்டை விட்டவன் நான். இது ஆறு என்றுதான் வருகிறவர்களுக்கெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன். "ஐரோப்பாவில தலைநகரமெண்டால் நடுவில ஒரு ஆறு ஓடும்" என்று விளக்கமும் கொடுத்தேன். ஒருநாள் நீங்கள் பொறுக்க முடியாமல், "ஆறெண்டால் ஒரு பக்கமா ஓட வேணுமடா. இது எங்க ஓடுது? கடல் தண்ணி. நம்பாட்டி நக்கிப் பார்" என்றீர்கள்.

நான் குனிந்து விரலை நனைத்து நக்கியும் பார்த்தேன். பக்கத்தில் ஐஸ்கிரீம் குடித்துக்கொண்டிருந்த டேனிஷ் கிழவி எழும்பிப் போய்விட்டாள். நீங்கள் சிரித்த சிரிப்பில் தேத்தண்ணிப் போத்தல் உருண்டு தண்ணிக்குள் விழுந்தது.

போன வருசம் சித்திரையில் உங்களுக்கு ஈரலில் புற்றுநோய் என்று சொன்னார்கள். வைகாசியில் ஒரு பின்னேரம் உங்கள் வீட்டுப் பல்கனியில் இருந்தோம். ஆஸ்பத்திரித் துணி தோய்க்கும் ஃபக்ரறியில் பதினெட்டு வருசம் ஒரே விரிப்பின் இரண்டு முனையைப் பிடித்து மடித்தவர்கள் நாங்கள். உங்கள் முகம் எப்போது எந்தப் பக்கம் திரும்பும் என்று எனக்குத் தெரியும். அன்றைக்கு நீங்கள் என் பக்கம் திரும்பாமலே சொன்னீர்கள்.

"தம்பி, ஒருக்கா நாங்கள் ரெண்டு பேரும் அந்தப் போட்டில ஏறுவம்."

"எந்தப் போட்?"

"எந்தப் போட்டெண்டாலும் பறவாயில்லை."

அந்தக் கடைசி வசனத்தை நான் காதில் வாங்கவில்லை. எனக்குள் இருந்த நிபுணர் எழும்பி நின்றுவிட்டார். என் அண்ணை கேட்டுவிட்டார், அதுவும் வாழ்நாளில் முதல்முறையாக. அவருக்கு ஏதோ ஒரு படகா? இருக்கிறதிலேயே திறமானது வேண்டும்.

அடுத்த நாளே இந்தக் கொப்பியை வாங்கினேன். முன்பக்கத்தில் அடிமட்டம் வைத்துக் கோடு கீறி, கட்டம் கட்டமாக எழுதியிருக்கிறேன். திறந்தது, மூடினது. இறங்கும் படி எத்தனை. ரொயிலற் உண்டா இல்லையா. சத்தம். மருந்து ஏற்றிய பிறகு குளிர் பட்டால் உங்களுக்கு விரல் நுனியெல்லாம் ஊசி குத்தும். ஆகவே திறந்த படகு சரிவராது. கண்ணாடி போட்ட படகில் டீசல் மணம் உள்ளே நிற்கும். உங்களுக்கு வயிற்றைப் பிரட்டும். அதுவும் சரிவராது. தாங்களே ஓட்டிக்கொண்டு போகும் சின்ன பற்றரிப் படகு ஒன்று இருக்கிறது. அதை நான் ஓட்டுவதா? வீட்டில் சுப்பர்மார்க்கெட் வண்டிலைத் தள்ளுவதற்கே என்னை விட மாட்டார்கள். விளக்கம் சொல்கிற பெண்கள் ஒரே விசயத்தை மூன்று மொழியில் சொல்வார்கள் என்று கேள்விப்பட்டேன். மூன்றாம் மொழியில் சொல்லி முடிக்கும்போது அந்தக் கட்டடம் முதுகுக்குப் பின்னால் போய்விடுமாம். அதையும் ஒரு குறையாக எழுதி அடிக்கோடிட்டேன்.

இதற்காக இந்தக் கரைக்கு ஐந்து தரம் வந்தேன். தண்ணி வற்றும்போது படி கூடுகிறதா என்று எண்ணினேன். ரிக்கெற் கொடுக்கும் பெட்டை என்னைக் கண்டாலே சிரிக்கத் தொடங்கிவிட்டாள். ஐந்தாம் தரம் டேனிஷில் கேட்டாள், "இண்டைக்கு என்ன அளக்கப் போறீங்கள்?" என்று. பிறகு, "எல்லாப் படகும் ஒரே தண்ணியிலதான் போகுது" என்றாள். எனக்குக் கோபம் வந்தது. இருபது வயதுப் பிள்ளைக்கு என்ன தெரியும் என்று நினைத்தேன்.

என் மகன் கைபேசியை எடுத்தான். அவன் வழமைபோல டேனிஷில்தான் சொன்னான்: "அப்பா, இது இரண்டு நிமிச வேலை. நாளைக்கு, பதினொரு மணி, இரண்டு இடம். அமத்தட்டுமா?" நான் அவன் கையைப் பிடித்துத் தடுத்தேன். "உனக்குத் தெரியாது, சும்மா இரு" என்றேன். அந்தக் கையைப் பிடித்துத் தடுத்தது இப்போதும் என் விரலில் இருக்கிறது.

ஆனியில் நீங்கள் தொலைபேசியில் கேட்டீர்கள், "டேய், எனக்குப் போட் பாக்கிறியோ, பொம்பிளை பாக்கிறியோ?"

"அண்ணை, அவசரப்படாதேங்கோ. படி கொஞ்சம் கூடவாக் கிடக்கு."

"சாதகம் பொருந்தேல்லையாக்கும்."

"பகிடி விடாதேங்கோ. கடற்கன்னிச் சிலையை முகம் தெரியிற மாதிரி கொண்டுபோய்க் காட்டுற போட்தான் எடுக்கப்போறன்."

"போட்டில இருந்து பாத்தால் முதுகுதான் தெரியும், மடையா."

யாரோ விருந்தாளி சொல்லியிருக்க வேண்டும் என்று நினைத்தேன். அதையும் கொப்பியில் எழுதினேன், குறைகள் என்ற கட்டத்தில்.

ஆவணியில் ஒரு சனிக்கிழமை. இதைத்தான் எழுத வேண்டும். இவ்வளவு நேரமும் சுற்றிக்கொண்டு வந்தது இதற்குத்தான்.

நல்ல வெயில். காற்றே இல்லை. நீங்கள் தடித்த கோட்டும் கம்பளித் தொப்பியும் கையுறையும் போட்டுக்கொண்டு வந்தீர்கள். கோடையில் அப்படி உடுத்தவரை ஆட்கள் திரும்பிப் பார்த்தார்கள். இதே மரக்கட்டையில்தான் இருந்தோம். முதல் படகு வந்தது. திறந்த படகு. ஏதோ கல்யாணத்துக்கு முந்திய கொண்டாட்டமாம், ஒரு கூட்டம் பொடியள் பியர்ப் பெட்டியோடு ஏறினார்கள். "வேண்டாம் அண்ணை, சத்தம். அடுத்த போட் நல்லாயிருக்கும்" என்றேன். அடுத்தது கண்ணாடி போட்டது. உள்ளே வெக்கை. "இதுக்குள்ள அவிஞ்சுபோவீங்கள். அடுத்தது பாப்பம்." மூன்றாவது எல்லாம் சரியாகத்தான் இருந்தது. பாதிக்கு மேல் இருக்கை வெறுமையாகக் கிடந்தது. ஆனால் இடப்பக்கம் நிரம்பிவிட்டது. ஊருக்கெல்லாம் இடப்பக்கம் இருக்கச் சொன்னவன், என் அண்ணையை வலப்பக்கம் இருத்துவதா?

"அடுத்த போட், அண்ணை."

நீங்கள் கையுறையைக் கழற்றி, விரல்களைப் பார்த்துவிட்டு, திரும்பப் போட்டுக்கொண்டீர்கள். பிறகு இரண்டு பக்கமும் குனிந்து எதையோ தேடுகிற மாதிரிப் பார்த்தீர்கள்.

"என்ன அண்ணை தேடுறியள்?"

"பையைத்தான். இண்டைக்கு எங்கட கையில பையும் இல்லை. பிறகு ஏன்டா இருக்கிறம்?"

நான் சிரித்தேன். பகிடி என்று நினைத்துச் சிரித்தேன், அண்ணை. நீங்களும் சிரித்தீர்கள். கொஞ்ச நேரத்தில், "களைக்குது, வீட்டை போவம்" என்றீர்கள். நாங்கள் ரயிலுக்கு நடக்கும்போது நாலாவது படகு எங்களைத் தாண்டிப் போனது. அதில் இடப்பக்கம் முழுக்க வெறுமையாக இருந்தது. "பாத்தியளே, நான் சொன்னனான் அடுத்தது நல்லாயிருக்குமெண்டு" என்று உங்களுக்கே காட்டினேன். அப்படிப்பட்ட மடையன் நான்.

புரட்டாசியில் உங்களை ஆஸ்பத்திரியில் வைத்துக்கொண்டார்கள். உங்கள் கட்டிலில் விரித்திருந்த வெள்ளை விரிப்பின் மடிப்பைத் தடவிப் பார்த்து, "இது ஆரடா மடிச்சது, மூலை சரியில்லை" என்றீர்கள். படகைப் பற்றி நீங்களும் கேட்கவில்லை, நானும் கதைக்கவில்லை. ஐப்பசியில் எல்லாம் முடிந்தது.

முப்பத்தோராம் நாள் கிரியை அன்று, சாப்பாடு முடிந்து சனம் கலைந்த பிறகு, அக்கா குசினியில் என்னைக் கூப்பிட்டார். உங்கள் மனைவியை நான் அக்கா என்றுதான் கூப்பிட்டிருக்கிறேன், அவரும் என்னிடம் எதையும் சுற்றி வளைத்துக் கதைத்ததில்லை. நான் முந்திக்கொண்டு, "அக்கா, அண்ணையைக் கடைசியா அந்தப் போட்டில ஏத்தாமல் விட்டிட்டன்" என்று அழத் தொடங்கினேன். அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்.

"அவர் முந்தியே ஏறினவர் தம்பி. பிள்ளை நாலாம் வகுப்புப் படிக்கேக்க பள்ளிக்கூடத்தால கூட்டிக்கொண்டு போனவை. ஒரு தாய் தகப்பனும் கூடப் போகோணும். இவர்தான் போனவர்."

"எனக்கு ஒருநாளும் சொல்லேல்லையே."

"உங்களுக்குச் சொல்லக் கூடாதெண்டவர். நீங்கள் கவலைப்படுவியளாம், ரெண்டு பேரும் ஏறேல்லையெண்டு நினைச்சுக்கொண்டிருக்கிறியளாம்."

"அப்ப ஏனக்கா வைகாசியில என்னட்டக் கேட்டவர்?"

அக்கா கோப்பையைக் கழுவிக்கொண்டே சொன்னார். "அவருக்கு எண்டே கேட்டவர்? 'அவனை ஒருக்கா ஏத்திப்போட்டுப் போகோணும். எனக்கு எண்டாத்தான் ஏறுவான். தனக்கு எண்டு ஏற மாட்டான். விட்டால் பையோட இருந்தே காலத்தை முடிச்சிடுவான்' எண்டவர்."

அன்று குசினியில் என் கையில் ஒரு துடைக்கும் துவாய் இருந்தது. அதை நாலாக மடித்தேன். விரித்துத் திரும்ப மடித்தேன். மற்ற முனையைப் பிடிக்க ஆளில்லாமல் மூலை சரியாக வரவேயில்லை.

ஆறுதல் சொல்ல வருகிறவர்கள் கெட்டிக்காரர்கள், அண்ணை. என் மனிசிகூடச் சொன்னாள், "நீங்கள் அவரைப் போக விட மனமில்லாமல்தான் நாளைக் கடத்தியிருக்கிறியள்" என்று. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. நானும் கொஞ்ச நாள் அதை நம்பிப் பார்த்தேன். ஆனால் அது பொய். நீங்கள் போவீர்கள் என்று எனக்கு நினைவே இருக்கவில்லை. எனக்கு இருந்த நினைப்பெல்லாம், 'என்ன திறமான போட் எடுத்திருக்கிறாய்' என்று உங்கள் வாயால் கேட்க வேண்டும் என்பதுதான். ஒரு பட்டம். படித்து எடுக்காத பட்டம். அதற்காகத்தான் நோயாளியான உங்களைக் கரையில் இருத்தி வைத்து மூன்று படகுகளைப் போக விட்டேன்.

உங்கள் மேலும் எனக்குக் கோபம் இருக்கிறது. ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். "மடையா, இது உனக்காகத்தான், எழும்பு" என்று கழுத்தைப் பிடித்துத் தள்ளியிருக்கலாம். இருபது வருசம் ஏறாதவர் மாதிரி என் பக்கத்தில் இருந்து நடித்தீர்களே. நல்லது செய்கிறேன் என்று நினைத்து வாயை மூடிக்கொண்டு போய்விட்டீர்கள். இப்போது நான் யாரோடு சண்டை பிடிப்பது?

ஒரு ரோல்ஸ் எடுத்துச் சாப்பிட்டேன். ஒற்றைப்படையாக நின்றது. இன்னொன்றை எடுத்து, நீங்கள் இருக்கிற பக்கம், மரக்கட்டையில் வைத்தேன். ஒரு கடற்காகம் வந்து ஒரே கொத்தாகக் கொத்திக்கொண்டு போய்விட்டது. உங்களைவிட அவசரக்காரன்.

படகு வருகிறது. மிச்சத்தைப் பிறகு எழுதுகிறேன்.

இப்போது ரயிலில் இருக்கிறேன். அல்பர்ட்ஸ்லுண்ட் வர இன்னும் கொஞ்ச நேரம் இருக்கிறது. எதிரே ஐந்து பேரும் வெயிலில் களைத்துத் தூங்கி விழுகிறார்கள். அவர்களுடைய பைகள் என் மடியிலும் காலடியிலும் இருக்கின்றன.

சிரித்துக்கொண்டுதான் இறங்கினார்கள். நல்ல படகு. கனடாத் தங்கை வந்த உடனேயே சொன்னாள், "எல்லாம் வடிவு, அத்தான். அந்தக் கடற்கன்னியின்ர முகம்தான் பாக்கேலாமல் போச்சு."

"போட்டில இருந்து பாத்தால் முதுகுதான் தெரியும்" என்றேன்.

அவள் ஆச்சரியப்பட்டாள். "அப்ப நீங்கள் மெய்யாவே பாத்தனீங்களோ? பையைப் பாக்கச் சும்மா சொல்லுறியளாக்குமெண்டு நினைச்சன். ஆரோட போனனீங்கள்?"

பையைத் தோளில் மாட்டுகிற சாட்டில் மற்றப் பக்கம் திரும்பினேன். "எங்கட அண்ணை ஒருத்தரோட" என்றேன். இத்தனை வருசத்தில் சொன்ன பொய்களில் இது ஒன்றைத்தான் கேட்டவளின் முகத்தைப் பார்க்காமல் சொன்னேன்.

பிறகு அவள் பெட்டியைத் திறந்தாள். "அக்கா இருவது வைச்சவ. ரெண்டு குறையுது, அத்தான்!" என்று, என் மனிசி எண்ணி வைத்த கணக்கைச் சொல்லிக் கரையே கேட்கச் சிரித்தாள். எண்ணுகிறார்கள், அண்ணை. ஆரும் எண்ண மாட்டினம் என்று நீங்கள் சொன்னது பிழை.

"அடுத்த முறை நாங்கள் பையோட நிக்கிறம், நீங்கள் ஏறுங்கோ" என்று ரயில் மேடையில் வைத்துச் சொன்னாள். நல்ல பிள்ளை. நான் ஓம் என்றேன். ஆனால் ஏற மாட்டேன் என்று எனக்குத் தெரியும். மாசியில் ஒருநாள் வெறும் கையோடு தனியாக வந்தேன். கண்ணாடி போட்ட படகு நின்றது. இடப்பக்கம் வலப்பக்கம் எல்லாம் வெறுமை. அந்த ரிக்கெற் பெட்டை என்னைக் கண்டு, இந்த முறை சிரிக்காமல், கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றாள். நான் நாலு படி எண்ணினேன். ஏறாமல் திரும்பிவிட்டேன்.

அதற்குப் பிறகு பை இல்லாமல் அந்தக் கரைப் பக்கம் போவதில்லை. விருந்தாளி இல்லாவிட்டாலும், கடைப்பை ஒன்றிலாவது இரண்டு சாமான் போட்டுக்கொண்டுதான் போகிறேன். கையில் பை இருந்தால் அந்த மரக்கட்டையில் இருக்க ஒரு காரணம் இருக்கிறது. பை இல்லாவிட்டால், 'பிறகு ஏன்டா இருக்கிறம்' என்று அன்றைக்கு நீங்கள் கேட்டதற்கு நான் பதில் சொல்ல வேண்டும்.